குஞ்சத்தை என்ன செய்வது

முதலில் வேக்குவம் கிளீனர் தின்றது.
நாலு இழை, பிறகு ஆறு.
பல்லிடுக்கில் நார் சிக்கியவன் மாதிரி உறுமி
ரப்பர் கருகும் வாசனையோடு நின்றுபோனது.
அப்போதே வெட்டியிருக்க வேண்டும்.

இப்போது ஊர்மாஸின் இடது கால்.
மார்ச்சில் வந்த பக்கவாதத்துக்குப் பிறகு
அது அவரோடு வருவதில்லை,
அவருக்குப் பின்னால் வருகிறது.
ஒரே வாரத்தில் இரண்டு தடவை
கம்பளத்தின் குஞ்சம் அதைப் பிடித்திழுத்தது.
இரண்டாம் தடவை கதவின் கைப்பிடி
புருவத்தைக் கிழித்தது. ஐந்து தையல்.

தார்த்து நகரில் ஐந்தாவது மாடி.
வெளியே ஏப்ரல் பனி
மழையாகிவிடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது.
மீன் வெட்டும் கத்தரியோடு மண்டியிட்டேன்.
எதற்கும் கேட்டுவிடுவோம் என்று
கம்பளக்கடை ஸெய்னலுக்குப் போன் போட்டேன்.

"ஐயையோ, வெட்டாதீர்கள்.
அது ஒட்டவைத்த அலங்காரம் இல்லை, பாவு நூல்.
கம்பளம் முழுக்க உள்ளுக்குள் ஓடி
ஓரத்தில்தான் தலை நீட்டுகிறது.
ஒட்ட வெட்டினால்
ஊடை ஒவ்வொன்றாய் எழுந்து போய்விடும்.
பின்பக்கம் மடக்கித் தையுங்கள். பசை வேண்டாம்.
எங்கே வாங்கியது?"
"பாகூவில். எண்பத்து நாலில்."
"என்னைவிட மூத்தது" என்று வைத்துவிட்டார்.

வளைந்த ஊசி. மெழுகு தடவிய நூல்.
ஊர்மாஸ் நாற்காலியிலிருந்து இறங்கினார்.
இறங்கினார் என்பது மரியாதைக்கு.
எதிரே உட்கார்ந்து
இடது கையால் சிக்கெடுக்கத் தொடங்கினார்,
ஆஸ்பத்திரியில் கொடுத்த களிமண் உருண்டையை
ஒருநாளும் தொடாத அதே கையால்.
ஓர் இழைக்கு ஐந்து நிமிடம்.
எனக்கோ அவசரம்.
"ஊசி குத்தும், கையை எடுங்கள்."
எடுக்கவில்லை.
எடுக்க மாட்டாரா, முடியவில்லையா என்று
இப்போதெல்லாம் நான் கேட்பதில்லை.
சுற்றித் தைத்தேன்.

கதவுப் பக்கம் முடிந்தது.
மீசை எடுத்த முகம்போல
யாரோ மாதிரி இருக்கிறது கம்பளம்.
மறு ஓரம் பியானோவுக்கு அடியில்.
அங்கே எந்தக் காலும் போவதில்லை.
விட்டுவிட்டேன்.
சோம்பல் என்றுதான் மகளிடம் சொன்னேன்.

இரவு இரண்டு மணிக்குத் தண்ணீருக்கு எழுந்தால்
பியானோ காலில் முதுகைச் சாய்த்து
தரையில் உட்கார்ந்திருக்கிறார்.
மூன்று இழை, ஒரு பின்னல்.
கோணல்மாணலாய் நான்கு முடிந்திருக்கிறது.
எழுந்திருக்க முடியாமல் எப்படியும் கூப்பிடுவார்.
கூப்பிடட்டும் என்று
விளக்கைப் போடாமல் நிற்கிறேன்,
டம்ளரைக் கீழே வைக்காமல்,
சத்தம் கேட்டுவிடுமே என்று.