ஐந்தாவது கட்டம்

பொலிஸ் பதிவுப் படிவத்தில் ஐந்தாவது கட்டம்:
கொழும்பில் தங்கியிருப்பதற்கான காரணம்.
ஜம்பட்டா வீதி லொட்ஜின் மூன்றாம் மாடியில்
பத்தொன்பது பேருக்கும் நான்தான் நிரப்பிக் கொடுத்தேன்.
விசா. விசா. கண் ஒப்பரேஷன். விசா.
என்னுடையதிலும் விசா என்றே போட்டேன்.
படம் கீறுகிறேன் என்று எழுத
அந்தக் கட்டத்தில் இடம் போதாது.

பெயர் பிழைத்துப்போன படிவங்கள் மிஞ்சும்.
பின்பக்கம் வெள்ளை.
லைற் அணையும்வரை
நீலப் பேனையால் ஆட்களைக் கீறினேன்:
நேர்முகத்துக்கான காற்சட்டையைப் பாயின் கீழ் விரித்து
அதன் மேல் அசையாமல் படுக்கும் சிவபாதம்,
ஏஜென்சிக்காரன் எடுப்பான் என்று
சிக்னல் உள்ள படியிலேயே இருந்து
பாணும் பருப்பும் தின்னும் ரெஜினா அக்கா.
அருமைத்துரை மட்டும் கேட்டார்:
"மூக்கைக் கொஞ்சம் சின்னனாக்கு தம்பி,
எம்பசிக்காரன் பார்த்தாலும் பார்ப்பான்."

ஒரு விடியற்புறம் பஸ் வந்தது.
அரை மணித்தியாலம், ஆளுக்கொரு பை.
நான் அன்றிரவு மருதானையில், நண்பனின் அறையில்.
அது அதிர்ஷ்டமா என்று
இன்னும் முடிவெடுக்கவில்லை.
திரும்பி வந்தபோது பாய்கள் கிடந்தன,
ஒரு பல்துலக்கி,
என் மெத்தையடியில் படிவங்கள்.

இப்போது அந்த மூன்றாம் மாடியில்
நகத்துக்குப் பூ வரைகிறார்கள்.
சோதனைச்சாவடி நின்ற இடத்தில்
பெற்றோலுக்கு வரிசை நின்றது.
பிறகு அதுவும் போனது.

போன ஓகஸ்டில் அருமைத்துரையின் மகள் வந்தாள்,
டென்மார்க்கிலிருந்து.
அப்பாவின் படம் ஒன்றும் மிஞ்சவில்லை என்றாள்.
வெள்ளவத்தையில் என் குசினி மேசையில் விரித்தேன்.
முன்பக்கம்: அருமைத்துறை, என் பிழை. வயது ஐம்பத்தொன்று. விசா.
பின்பக்கம்: அவர்,
கேட்டபடியே சின்ன மூக்கு.
நெடுநேரம் பார்த்தாள்.
"புருவத்துக்கு மேல இந்தக் காயம்,
இது எப்ப வந்தது?"

அது காயமில்லை, பிளேன்ரீ.
துளி பட்டு மை கலங்கியது.
அப்படித்தான் நினைக்கிறேன்.
கறைதான் முதலில் விழுந்ததா,
காயத்தைத்தான் கீறினேனா,
குவளை யாருடையது?
விரலால் தடவினேன்.
தாள் ஒன்றும் சொல்லவில்லை.

அவளுடைய விரல்
அவளுடைய புருவத்தின் மேல்
அதே இடத்தில் இருந்தது.

"முதலே இருந்தது" என்றேன்.

அவள் போனபின்
மிச்சப் படிவங்களை வெளியே எடுத்து
கறைகளை எண்ணத் தொடங்கினேன்.