மூன்று எக்ஸ் சக இரண்டு வை

மதகைப் பூச்சியம் என்று வைத்தேன்.
கிழக்கே எக்ஸ், வடக்கே வை,
ஐந்து மீற்றர் ஓர் அலகு.
அமலதாஸ் வேலிக்கு மேலால் சிரித்தார்:
"எல்லாரும் மதகிலயிருந்துதான் ஹோஸ் இழுக்கிறது.
நீ என்ன, ஆகாசத்துக்கு றோட்டுப் போடுறியோ?"

முத்தையன்கட்டு வாய்க்கால் இந்த இடத்தில் சரிந்து போகிறது.
மூன்று கிழக்கே நடந்தால் இரண்டு வடக்கே வந்திருக்கும்.
படித்திறன் மூன்றில் இரண்டு.
என் கச்சான் பாத்தியின் மூலை
ஒன்று, பதினெட்டு.
மாட்டுக் கயிற்றால் அளந்தேன்.
முடிச்சு ஒன்று அவிழ்ந்துபோக
முதலிலிருந்து திரும்ப அளந்தேன்.

முப்பத்தாறு வயதில், மூன்றாம் தரம்,
சாதாரண தரக் கணிதம் எடுக்கிறேன்.
பாலர் பாடசாலை வேலை நிரந்தரமாக
அந்த ஒரு பாடம் சித்தியாக வேணுமாம்.
மார்கழியில் சோதனை.

செங்குத்துக் கோடுகளின் படித்திறன்களைப் பெருக்கினால் சய ஒன்று.
தோற்ற இரண்டு தரமும்
இது எனக்குப் பாடம்தான்.
வாய்க்கால் கட்டில் வெறுங்காலோடு நின்றபோதுதான்
காலுக்கு விளங்கியது.
மூன்று கிழக்கே, இரண்டு வடக்கே போனவள்
இனி இரண்டு மேற்கே, மூன்று வடக்கே போகவேணும்.
மூன்றும் இரண்டும் கதிரை மாறுகின்றன.
ஒன்று மட்டும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறது.
இவ்வளவுதானா இந்தச் சய?

கரண்ட் பில்லின் பின்பக்கத்தில் கோடு வந்தது:
மூன்று எக்ஸ் சக இரண்டு வை
சமன் முப்பத்தொன்பது.
அது வாய்க்காலைத் தொடும் இடம் ஒன்பது, ஆறு.
போய்ப் பார்த்தேன்.
உடுப்புத் தோய்க்கிற தட்டைக் கல் ஒன்று,
மேலே தேய்ந்த சவர்க்காரத் துண்டு.
எனக்கு முதலே யாரோ
விடையை எழுதி வைத்துவிட்டுப் போன மாதிரி.

எழுபத்திரண்டு மீற்றர் சொச்சம்.
மதகிலிருந்து என்றால் தொண்ணூறு.
ஒட்டுசுட்டான் கடையில்
பதினெட்டு மீற்றர்க் காசை எண்ணி
திரும்பப் பேர்சுக்குள் வைத்தேன்.
கடைக்காரருக்கு ஏன் என்று தெரியாது.

ஆனால் ஐந்து, பன்னிரண்டில் ஒரு பாலை நிற்கிறது.
சமன்பாட்டில் போட்டுப் பார்த்தேன்:
பதினைந்தும் இருபத்துநான்கும் முப்பத்தொன்பது.
சரியாகப் பாதி வழியில்,
கோட்டின் மேலேயே.

"தறிச்சு விடு" என்றார் அமலதாஸ்.
பிறகு தானே தலையை ஆட்டினார்.
இந்தப் பக்கத்து மரத்தை மில்லில் இறக்கவே விடமாட்டார்கள்,
உள்ளே இரும்பு.
வாளின் பல்லுப் போய்விடும்.

ஹோஸ் அந்த இடத்தில் வளைகிறது.
சொச்சத்துக்கென்று கூட வாங்கியது காணும்.
மோட்டர் இருமி இருமிப் பிடித்தது.
தண்ணீர் பாலையைச் சுற்றிக்கொண்டு வந்து
ஒன்று, பதினெட்டில்
மஞ்சள் பூக்களின் அடியில் விழுந்தது.

சோதனைத் தாளில் மரம் இருக்காது.
எந்தக் கோடு வந்தாலும்
அடிமட்டம் வைத்து நேராகவே கீறுவேன்.
பாதி வழியில் மட்டும்
பென்சில் கொஞ்சம் மெதுவாகப் போகும்.