எட்டாம் கட்டம்

முதலில் வந்தவை
காவிக்கல் குழைத்த சட்டியும் ஒரு நார்த்தூரிகையும்.
கண்டக் ஆற்றின் இக்கரையில்
பரேவா படித்துறைக் குடிசைகளுக்கெல்லாம்
ஒரே பிற்பகலில் எண் விழுந்தது.
எழுதியவன் நான். சுக்நந்தன் லால்,
பாடசாலை வாத்தியார்.
கூலி கிடையாது. முடிவில் ஒரு நன்றிச் சீட்டு.

வரி போடத்தான் என்றார்கள்.
அசாம் தேயிலைக்கு ஆள்பிடிக்க என்றார்கள்.
பாலத்தின் தூணுக்கடியில் புதைக்கத்
தலை எண்ணுகிறார்கள் என்று
ஒருத்தி தன் இளையவனைக் குதிருக்குள் ஒளித்தாள்.
அவன் தும்மினான்.
அவனையும் எழுதிக்கொண்டேன்.

நாற்பத்தொன்றாம் வீடு. தனேசரி.
வயது கேட்டால்
'பெருவெள்ளம் வந்தபோது எனக்கு ஓடத் தெரியும்' என்கிறாள்.
முப்பத்திரண்டு என்று போட்டேன்.
புருஷன் பேர் சொல்லமாட்டாள்.
'திங்களுக்கு மறுநாள்' என்றாள், சுவரைப் பார்த்து.
செவ்வாயில் பிறந்த மங்ரு
கட்டத்துக்குள் வந்து உட்கார்ந்தான்.

எட்டாம் கட்டம், சாதி.
'படகுக்காரர்கள்.'
அது தொழில் அம்மா, அதற்குக் கட்டம் வேறு.
'இக்கரையில் எங்களை ஒன்று சொல்வார்கள்,
அக்கரையில் இன்னொன்று.
நடு ஆற்றில் யாரும் கேட்பதில்லை.'

நடு ஆற்றுக்குக் கட்டம் இல்லை.
கையேட்டுப் பட்டியலில் விரலை ஓட்டினேன்:
மல்லா, கேவட், பிந்த்.
மை காய்ந்துகொண்டிருந்தது.
இன்னும் பத்தொன்பது வீடு பாக்கி.
விரல் எங்கே நின்றதோ அதை எழுதினேன்.
இதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

பத்து வருஷம் கழித்து
அவர்களே என்னைத் தேடி வந்தார்கள்.
மங்ரு, அவன் தம்பி ஜித்தன்,
ஜித்தன் தோளில் மஞ்சள் மாறாத பூணூல்,
கையில் பாட்னாவில் அச்சடித்த மனு.
ஆதியில் தாங்கள் அரசர்களாம்,
துடுப்பு என்பது நனைந்த வாளாம்.
அக்கரைக்காரர்களோடு கொள்வினை கொடுப்பினை
இனி இல்லை என்று முடிவாகிவிட்டதாம்.
புத்தகத்தில் அவர்கள் வேறு, இவர்கள் வேறு.
தனேசரி மகளுக்கு அங்கே பேசியிருந்த கல்யாணம்
தாம்பூலத்தோடு நின்றுபோனது.

யார் சொன்னது வேறு என்று?
'நீங்கள்தானே வாத்தியாரே.
உங்கள் கையெழுத்துத்தானே.'

எல்லாப் பழியையும் காகிதத்தின் மேல் போட மாட்டேன்.
என் வீட்டுக் குடத்தை
மங்ருவின் பாட்டன் தொட்டதில்லை,
துரைமார் கப்பலேறும் முன்பே.
அந்தக் கிணற்றைத் தோண்டியவர்கள் நாங்கள்.
அவர்கள் அதற்கு ஆழம் அளந்து,
எண் கொடுத்து,
கல்கத்தாவில் பைண்டு செய்து வைத்தார்கள்.
பிறகு நாங்கள் தண்ணீர் குடிக்குமுன்
புத்தகத்தைப் பார்க்கப் பழகிக்கொண்டோம்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்.
என் சாதியை இன்னும் ஒரு படி ஏற்றக் கோரும் மனு
என் தகரப் பெட்டியில் இருக்கிறது.
மூன்றாவது கையொப்பம் என்னுடையது.
எழுத்து ஒன்றும் மோசமில்லை.

ஜித்தன் கேட்டபடி எழுதுகிறேன் என்றேன்.
மேலே இருப்பவர்கள் அடிப்பார்கள் என்றும் சொன்னேன்.
'அடித்தாலும் எழுதியது எழுதியதுதான்' என்றான்.
அவனிடம் எனக்குச் சொல்ல ஏதும் இல்லை.

மறுபடி காவிச் சட்டி. மறுபடி படித்துறை.
எண்ணை அழித்தால் அபராதம் என்று
அன்று சவுக்கிதார் மிரட்டியிருந்தான்.
ஒவ்வொரு சட் பண்டிகைக்கும் சுவர் மெழுகிய தனேசரி
அந்த நாற்பத்தொன்றை மட்டும் தொடாமல்
சுற்றிச் சுற்றி மெழுகியிருக்கிறாள்.
மண்ணும் சாணமும் பத்து வருஷம் ஏறி
சுவர் தடித்துவிட்டது.
எண் குழிக்குள் கிடந்தது.
குழியின் விளிம்பில் ஒரு தூண்டில் முள்ளைச் செருகியிருந்தாள்.

இந்தமுறை உன் வீடு நாற்பத்து நான்கு.
எங்கே எழுதட்டும்?

அவள் முள்ளை எடுத்துக்கொண்டாள்.
'அங்கேதான். இடம் விட்டுத்தானே வைத்திருக்கிறேன்.'

தூரிகை உள்ளே போகவில்லை.
விரலால் எழுதினேன்.