தொட்டால் தூக்கு

ஐந்தாம் குறுக்குத் தெருவில்
நாட்டாமிமாருக்கு ஒரே சட்டம்:
கை வைத்த மூட்டையைத் தூக்கியே ஆகவேணும்.
அப்பா ஒருநாள் கை வைத்தது
மழை குடித்த வெங்காயம்.
தூக்கினார்.
இடது தோள் அன்று இறங்கியது,
இன்னும் ஏறவில்லை.

காயைத் தொட்டால் நகர்த்தத்தான் வேணுமென்று
நடுவர் மூன்று மொழியில் விளக்கியபோது
எனக்குச் சிரிப்பு வந்தது.

கடிகாரம் வைத்து ஆடிப் பழக்கமா என்றும் கேட்டார்கள்.
எங்கள் தோட்டத்தில் இருபத்தெட்டு வீட்டுக்கு ஒரு பைப்.
தண்ணீர் நாலரைக்கு வரும்,
ஐந்தேகாலுக்கு நின்றுவிடும்.

முதல் போட்டிக்குக் கட்டிய காசு
அம்மா சீட்டைக் கழித்து எடுத்தது.
பத்தொன்பது நகர்வில் தோற்றேன்.
பம்பலப்பிட்டியிலிருந்து கொட்டாஞ்சேனை வரை
பஸ் ஏறாமல் நடந்தேன்,
பதினேழாம் நகர்வை மட்டும்
திரும்பத் திரும்ப ஆடிக்கொண்டு.

எட்டு வருடம் கழித்து, முதலாம் மேசை.
ஏசிக் குளிரில் விரல் மரத்து
யானைக்குப் போன கை
குதிரையில் பட்டுவிட்டது.
எதிரே இருந்தவர் நிமிர்ந்து பார்த்தார்.
யாரும் கவனிக்கவில்லை என்றும் சொல்லியிருக்கலாம்.
பதினொரு நிமிடம் இருந்தேன்.
பிறகு தூக்கினேன், அந்த
ஈர வெங்காயத்தை.
மோசமான கட்டம்தான்.
அங்கிருந்தே வென்றேன்,
அறுபத்திரண்டாம் நகர்வில்.

சவரிமுத்து ஜெனோவேவா என்பதை
ஒலிபெருக்கி ஆறு துண்டாக்கி வாசித்தது.
கம்பளத்தை மிதிக்கப் பயந்து
செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்தபடி
வாசலிலேயே நின்றார் அப்பா.
கிண்ணத்தைக் கொடுத்தேன்.
ஒருதரம் ஏந்திப் பார்த்து
‘பாரமே இல்லையே பிள்ளை’ என்றார்,
வலது தோளுக்கு ஏற்றிக்கொண்டு.