பெறுபவர் கையொப்பம்

முட்டம் பாறையில் ஆறு மணிவரைதான் அனுமதி.
முத்திரை குத்திய கடிதம் என் கைப்பையில்,
குளுக்கோஸ் பாக்கெட்டுக்கும்
ரெவின்யூ ஸ்டாம்புகளுக்கும் நடுவில்.

அம்மா வேஷக்காரி வரவில்லை.
வள்ளியூரில் நிற்கிறதாம் ரயில்.
டைரக்டர் பையன் கடலைப் பார்த்தான்,
சூரியனைப் பார்த்தான்,
பிறகு என்னைப் பார்த்தான்.
'அக்கா, நீங்க முன்னாடி நடிச்சவங்கதானே?'

முன்னாடி.
பதினாறு படம். பதினாறிலும் கதாநாயகியின் தோழி.
இடப்பக்கமாக நடப்பேன்.
'வாடி, நேரமாச்சு' என்பேன்.
அதையும் வேறொருத்தியின் குரல்தான் பேசும்,
என் நாக்கில் கடியப்பட்டணம் ஒட்டியிருந்ததால்.
டைட்டிலில் சுபலதா.
அமலோற்பவம் என்றால் போஸ்டரில் இடம் போதாதாம்.
போஸ்டரில் எந்தப் பெயரும் வரவில்லை, அது வேறு.

கதாநாயகிகளுக்குப் பத்தொன்பது வயதே நீடித்தது.
தோழிக்கு இருபத்தெட்டு ஆகிவிட்டது.
ஒரு நாள் சாப்பாட்டு வண்டி வராமல் போக
மார்த்தாண்டம் போய் நூற்றுப்பத்துப் பொட்டலம்
கட்டிக்கொண்டு வந்தவள் நான்.
கணக்கு நோட்டு அன்றைக்குக் கைக்கு வந்தது.

கட்டியிருந்த சேலையே போதும் என்றான்.
வாக்கி டாக்கியை மட்டும் கழற்றச் சொன்னான்.
'கடலுக்குப் போனவன் திரும்பலை.
நீங்க சும்மா நிக்கணும், அவ்வளவுதான்.'

எங்கள் கரையில் யாரும் சும்மா நிற்பதில்லை.
ஓடுவோம். போன் போடுவோம்.
பங்குத்தந்தை வீட்டுக் கதவைத் தட்டுவோம்.
சொல்ல நேரமில்லை, வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது.
நின்றேன்.

ஜெனரேட்டரில் இருபது நிமிஷத்துக்குத்தான் டீசல்.
மணவாளக்குறிச்சிக் கூட்டம் நாற்பத்திரண்டு பேர்,
ஆறு தாண்டினால் தலைக்கு அரை பேட்டா கூட.
கட்டஞ்சாயா சொன்னோமா?
அந்தப் போலீஸ்காரர் ஏன் வாட்சைப் பார்க்கிறார்?

கட்.
'அக்கா, அந்தக் கண்ணு! என்ன நினைச்சீங்க?'
டீசல் என்று சொல்லவில்லை.

இரவு லாட்ஜில் வவுச்சர் எழுதினேன்.
கொடுப்பவர்: அமலோற்பவம்.
பெறுபவர்: சுபலதா.
இருபத்தொரு வருஷம் போடாத கையெழுத்து,
'சு'வின் வால் எந்தப் பக்கம் வளையும் என்று
காலி சாயா கப்பில் இரண்டு தரம் போட்டுப் பார்த்தேன்.
இரண்டாயிரம் எழுதினேன்.
ஒரே ஷாட்டுக்கா, என்றாள் ஒருத்தி.
அடித்து ஆயிரத்து ஐந்நூறு ஆக்கினேன்.
அப்போ ஆட்டோ காசு, என்றாள் மற்றவள்.
வந்ததே கம்பெனி வண்டியில்தானேடி.
முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டாள்.
சரி, ஒரு நூறு.

ஒன்பதரைக்கு வந்து இறங்கினாள் அம்மா வேஷக்காரி,
கால் இரண்டும் வீங்கி.
அரை பேட்டாவும் தோசைப் பொட்டலமும் கொடுத்து
கையெழுத்து வாங்கினேன்.
'யாரு பண்ணினது?'
'ஒரு பழைய ஆர்ட்டிஸ்ட். லோக்கல்தான்.'
சட்னியைப் பிரித்தபடி கேட்டாள்,
'நல்லா பண்ணினாளா?'

'வெளிச்சம் இருந்தது' என்றேன்.