பாக்கி மூவாயிரத்து எண்ணூறு

பாக்கி உண்மைதான்.
அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்,
பிறகு யாரும் கண்டுபிடித்த மாதிரி
முகத்தை வைத்துக்கொள்ள வேண்டாம்.

மகன் கல்யாணத்துக்கு முந்நூறு பேருக்குச் சாப்பாடு.
அறுபது பேருக்கு மட்டன் எட்டவில்லை.
சம்பந்தி வீட்டார் உட்கார்ந்த கடைசி மேசையில்
ரசமும் அப்பளமும்.
மீதிப் பணத்தை நிறுத்தினேன்.
தவமலர் நிறுத்தவில்லை.

ஈசூன் ரிங் ரோடு, பதினோராம் மாடி.
தினமும் ஏழேகாலுக்கு
லிஃப்ட் திறக்கும் சத்தத்தில்
என் பெயர் கேட்க ஆரம்பித்தது.
இரும்புக் கதவைப் பிடித்து உலுக்கி
"சாப்டது செரிச்சிருச்சா?" என்பாள்,
தமிழ் தெரியாத வீடுகளுக்கும் புரியும்படி.
ஒரு நாள் கறுப்புச் சட்டைக்காரர் இருவர் கூட வந்தார்கள்.
ஒருவன் என் கறிவேப்பிலைத் தொட்டிமேல்
காலை வைத்துப் படம் எடுத்தான்.
மறுநாள் அந்தப் படம்
என் அலுவலக வாட்ஸ்அப் குழுவில், பில்லோடு.

ஒன்பது ஒன்பது ஒன்பதை அழைத்தேன்.

சார்ஜன்ட் பார்த்திபன், கூட ஒரு மலாய்ப் பையன்.
காலணியைக் கழற்றாமல் நிலைக்கு வெளியே நின்றார்கள்.
மார்புக் கேமராவில் சிவப்புப் புள்ளி.
தமிழர் என்றதும் எனக்குள் ஒரு சின்ன ஆசை,
அதையும் மறைக்கப் போவதில்லை.

"அக்கா, காசு விஷயம் சிவில்.
அதுல நாங்க கை வைக்க முடியாது.
சத்தம் போட்டா, மிரட்டினா, கூப்பிடுங்க."
"இவ்வளவு நேரம் போட்டது என்ன?"
பையன் காரிடாரைப் பார்த்தான்.
அவள் கைகட்டி நின்றாள், பள்ளிக்கூடப் பிள்ளைபோல.
"சார், நாற்பது கிலோ கறி, மூணு வேலையாள் சம்பளம்,
நான் யார்கிட்ட போறது?"
அவளுக்கும் அதே வார்த்தை, அதே குரல்.
அரை நிமிடம் நாங்கள் இருவரும்
ஒரே பக்கம் நின்ற மாதிரி இருந்தது.

ஒரு சீட்டு தந்தார்: புகார் எண், நீதிமன்ற முகவரி.
மீன் காந்தத்தால் ஃபிரிட்ஜில் ஒட்டினேன்.

படிவம் கேட்டது:
எத்தனை முறை, என்ன சொன்னார், எப்படி உணர்ந்தீர்கள்.
பயம் என்று எழுதி அடித்தேன்.
வெட்கத்துக்குக் கட்டம் இல்லை.
சிவிலுக்குத் தமிழில்
உரிமையியல் என்றார் மொழிபெயர்ப்பாளர்.
யாருடைய உரிமை என்று கேட்க நினைத்தேன்,
அவருக்கு அடுத்த ஆள் காத்திருந்தார்.

ஹேவ்லாக் சதுக்கம், செவ்வாய்க்கிழமை.
லிஃப்டில் அவள்.
அவள் கையில் பில் புத்தகம்,
என் கையில் அச்சடித்த அவளுடைய குறுஞ்செய்திகள்.
பணம் கேட்க ஒரு மாடி,
பாதுகாப்புக் கேட்க வேறு மாடி.
தன் எண்ணை அழுத்திவிட்டுத் திரும்பினாள்:
"உங்களுக்கு எத்தனை?"

இருபத்திரண்டு நாளில்
முதல்முறையாக 'உங்களுக்கு'.

சொன்னேன். அழுத்தினாள்.
கதவு மூடியதும் வெங்காய வாசனை.
விடியுமுன்
யாருக்கோ சமைத்து முடித்துவிட்டுத்தான்
வந்திருக்கிறாள்.