டோக்கன் நாற்பத்து மூன்று

முதல் ஆட்டத்தன்று
கோட்டூர் கொள்முதல் நிலையத்து வாசலில்
எங்கள் தாளடி நெல்லுக்கு இரண்டாம் ராத்திரி.
எங்களுக்கு டோக்கன் நாற்பத்து மூன்று.
எடை பதினேழில் நிற்கிறது.
சாக்கு இல்லை என்றார்கள் காலையில்.
சாக்கு வந்ததும் லாரி இல்லை என்றார்கள்.
தார்ப்பாய் பறக்காமல் வைத்த செங்கல்லில்
போனைச் சாய்த்து வைத்தேன்.

நாம் நீலம். எதிரே மஞ்சள்.
பதினான்காம் எண்
பெஞ்சில், கடைசிக்கு முந்தின இருக்கை.
காமெரா அவளை இரண்டு நொடிதான் கடந்தது.
சட்டைக் கழுத்தை இழுத்துப் பல்லில் கடித்திருந்தாள்.
அதே பழக்கம்.
தையல்நாயகி.
வைத்தீஸ்வரன்கோயில் வேண்டுதலுக்கு வைத்த பேர்.

மாவட்ட அணியில் அவள் இடது விங்,
அவளுக்குப் பின்னால் நான்.
முன்னே போனால் போனதுதான், திரும்பி வர மாட்டாள்.
பந்தைப் பறிகொடுத்துவிட்டு
இடுப்பில் கைவைத்து நிற்பாள்.
அவள் திறந்து போட்ட வழியையெல்லாம்
மூச்சு வாங்க ஓடி ஓடி அடைத்தவள் நான்.
கோப்பையோடு எடுத்த படத்தில்
அவள் நடுவில்,
நான் பாதித் தோள்.

மூன்று கோல் வாங்கினோம்.
பக்கத்துக் குவியலில் கொசுவலைக்குள்ளிருந்து
மாசிலாமணி அண்ணன் கேட்டார்:
யாரு ஜெயிச்சா?
மஞ்சள்.
நாம யாரு?
நீலம்.
ம்ம், என்று திரும்பிப் படுத்தார்.

மறுநாள் ஈரமானி பத்தொன்பது காட்டியது.
பதினேழுக்கு மேல் எடுக்க மாட்டோம், காய வைங்க.
வெயிலில் நெல்லைப் பரப்பி
காலால் துழாவிக்கொண்டே நடந்தேன்,
வலம் ஒரு கோடு, இடம் ஒரு கோடு.
கெண்டைக்கால் எதையோ ஞாபகம் வைத்திருந்தது.
ஒரு திருப்பத்தில் உள்ளங்காலால் நிறுத்தி
வெளிப்பக்கம் தள்ளினேன்,
நெல்லைத்தான்.

இரண்டாம் ஆட்டத்துக்கு ஒன்பது பேர்.
சுமை தூக்கும் ஆரோக்கியதாஸ்
தன் பெரிய போனைக் கொண்டுவந்து
தராசின் மேல் நிறுத்தினான்.
எழுபது கிலோ மூட்டையை மூச்சுவிடாமல் தூக்குகிறவன்
நம் கோல்கீப்பர் பெனால்டியைத் தடுத்தபோது
உட்கார முடியாமல் லாரியைச் சுற்றி ஓடினான்.
ஒன்றுக்கு ஒன்று.
பதினான்கு இன்றும் பெஞ்சில்.
ஏன் எறக்க மாட்டேங்கறான் அந்தக் கோச்சு,
என்று மாசிலாமணி அண்ணன் கொள்முதல் அலுவலரைப் பார்த்துக் கேட்டார்.

மூன்றாம் ஆட்டம்.
இரண்டு கோல் வித்தியாசத்தில் ஜெயித்தால் உண்டு.
எண்பதாவது நிமிஷம் வரை ஒன்றுமில்லை.
முத்துப்பேட்டைப் பக்கம் மின்னியது.
பலகையில் பச்சையாய்ப் பதினான்கு ஏறியது.
தயால் நாயக், என்றான் வர்ணனையாளன்.
தையல்நாயகிடா!
நான் கத்தியதில்
செக்கடித் தெரு நாய் குரைத்தது.

முதல் பந்தே பறிகொடுத்தாள்.
சிவப்புச் சட்டைக்காரி பறந்தாள் நம் பக்கம்.
இதோ இப்போது இடுப்பில் கை வைப்பாள்,
எனக்குத் தெரியும்,
என் முழங்கால் ஏற்கெனவே எழுந்துவிட்டது.

அவள் திரும்பினாள்.
ஓடினாள்.
முழு மைதானமும், தலையைக் குனிந்துகொண்டு,
நான் ஓடுவது போல அசிங்கமாக ஓடி,
சறுக்கி, பந்தை வெளியே தள்ளி,
எழுந்து,
சட்டைக் கழுத்தைக் கடித்தாள்.

அப்போது மழை.
போன் எங்கே விழுந்ததோ.
ஒன்பது பேரும் ஒன்பது தார்ப்பாய்க்கு ஓடினோம்,
யாருடையது என்று பார்க்கவில்லை.
முனையை மிதித்துக்கொண்டு நின்றேன்,
தண்ணீர் கணுக்காலில் ஓட
உள்ளே நெல் கதகதவென்று இருந்தது.

கோல் விழவில்லையாம். காலையில் சொன்னார்கள்.
நீலம் ஊர் திரும்புகிறது.
அடிவரிசையில் நான்கு மூட்டை நெல் முளைகட்டிவிட்டது,
மீதிக்கு மூட்டைக்கு இரண்டு கிலோ பிடித்தார்கள்.
நாற்பத்து மூன்று, என்று கூப்பிட்டபோது
பதினான்கு என்று காதில் விழுந்து
கொஞ்சம் தாமதமாகத்தான் போனேன்.

அவளுடைய பழைய நம்பருக்கு எழுதினேன்:
திரும்பி ஓடி வந்ததைப் பார்த்தேன்.
ஒற்றை டிக்.
நம்பர் மாற்றியிருப்பாள்.

போன் சார்ஜ் ஏறவில்லை.
துளையில் நெல் சுணை அடைத்திருந்தது.
ஊக்கால் நோண்டி நோண்டி எடுத்தேன்,
கடைசித் துணுக்கு மட்டும்
வர மாட்டேன் என்கிறது.